ஆக்டோபஸுக்கு வம்சாவளி எழுதுகிறவர்கள்

ஜப்பானிய அனிமே பற்றி நாலு பேர் கூடிப் பேசினால், பேச்சு ஏதோ ஒரு கட்டத்தில் ‘அந்த மாதிரி’ அனிமேவுக்கு வந்துவிடும். வந்ததும் யாராவது ஒருவர் போனை எடுத்து ஹொகுசாயின் ஆக்டோபஸ் படத்தைக் காட்டுவார். “பாத்தீங்களா, 1814லயே போட்டிருக்கான். இவனுங்க ரத்தத்துலயே இருக்கு சார்.” இப்படிச் சொல்கிறவர்களில் இரண்டு வகை உண்டு. ஒரு வகை முகத்தைச் சுளித்துக்கொண்டு சொல்லும்: வக்கிரம் பிடித்த ஜாதி, அன்றும் அப்படி, இன்றும் அப்படி. இன்னொரு வகை பெருமையாகச் சொல்லும்: இது ஆபாசம் இல்லை, இருநூறு வருஷப் பாரம்பரியம், உனக்குத்தான் ரசனை பத்தாது. இருவரும் எதிரெதிர் பெஞ்சில் உட்கார்ந்து சண்டை போட்டாலும் கையில் வைத்திருப்பது ஒரே வரைபடம்தான். எடோ காலத்து ஷுங்கா ஓவியத்தில் தொடங்கி, இன்றைய ஹென்டாய் அனிமேவில் முடிகிற ஒரு நேர்கோடு.

அப்படி ஒரு கோடு கிடையாது என்பது என் கட்சி. இரண்டுக்கும் நடுவில் நூறு வருஷத்துக்கு மேல் ஒரு பள்ளம் இருக்கிறது. அந்தப் பள்ளத்தை வெட்டியது ஜப்பானிய அரசு. தாண்டிக் குதித்தவர்கள் வேறு ஆட்கள், வேறு கருவிகளோடு, வேறு திசையிலிருந்து வந்தவர்கள். நவீனப் பாலியல் அனிமேவின் முகத்தை யார் செதுக்கினார்கள் என்று கேட்டால் நான் ஹொகுசாயையோ உதமாரோவையோ காட்ட மாட்டேன். ஜப்பானிய தண்டனைச் சட்டத்தின் 175ஆம் பிரிவைத்தான் காட்டுவேன்.

முதலில் அந்தப் படத்தையே எடுத்துக்கொள்வோம். உலகம் முழுக்க அதற்கு ‘மீனவன் மனைவியின் கனவு’ என்று பெயர். ஹொகுசாய் அப்படி எந்தப் பெயரும் வைக்கவில்லை. தனிப் படமாக அதை அவர் வரையவும் இல்லை. 1814இல் மூன்று தொகுதிகளாக வந்த ‘கினோஏ நோ கொமட்சு’ என்ற புத்தகத்தில் இரண்டு பக்கம் விரிந்து கிடக்கும் ஒரு படம் அது. அதில் மீனவனும் இல்லை, மனைவியும் இல்லை, கனவும் இல்லை. இருப்பவள் ஒரு ‘அமா’, அதாவது மூச்சை அடக்கிக் கடலில் மூழ்கிச் சிப்பி எடுத்துப் பிழைக்கிறவள். மேற்கத்தியர் வைத்த பெயரை வைத்துக்கொண்டு நாம் ஜப்பானிய ஆழ்மனதை ஆராய்ந்துகொண்டிருக்கிறோம்.

அதைவிட முக்கியமான சங்கதி, அந்தப் படம் முழுக்க எழுத்து. பெண்ணையும் இரண்டு ஆக்டோபஸ்களையும் விட்டால் மிச்ச இடமெல்லாம் நெருக்கமாக ஓடும் கையெழுத்து. அது அலங்காரம் இல்லை, வசனம். பெரிய ஆக்டோபஸ் பேசுகிறது, பெண் பேசுகிறாள், சின்ன ஆக்டோபஸும் பேசுகிறது. பெரியது, இவளுக்காக எத்தனை நாள் காத்திருந்தேன் தெரியுமா, கடல் நாகராஜன் அரண்மனைக்கே கொண்டுபோய் வைத்துக்கொள்ளப் போகிறேன் என்ற தோரணையில் பீற்றிக்கொள்கிறது. சின்னது, முதலாளி முடித்ததும் நம் முறை என்று காத்துக்கிடக்கிறது. பெண் ஆக்டோபஸைத் திட்டுகிறாள். எந்த வகைத் திட்டு என்பது படிக்கிறவர்களுக்கு நன்றாகவே புரியும். நடுநடுவே ஈர ஓசைகளைக் குறிக்கும் ஒலிக்குறிப்புச் சொற்கள் வேறு. மொத்தத்தில் அது கலகலப்பான ஒரு பக்கம்.

எடோ வாசகனுக்கு அதில் இன்னொரு குறும்பும் தெரிந்திருக்கும். ‘தமதோரி’ என்று ஒரு பழங்கதை. கடல் நாகராஜன் திருடிக்கொண்டு போன மணியை மீட்க ஒரு அமா கடலுக்குள் போகிறாள். நாகராஜனின் கடற்படை துரத்துகிறது. மார்பைக் கிழித்து மணியை உள்ளே ஒளித்துக் கரை சேர்ந்து உயிர்விடுகிறாள். நோ நாடகமாகவும் நடிக்கப்பட்ட தியாகக் கதை. அந்தக் கதையில் துரத்தி வரும் கடல் பிராணிகளில் ஒன்று இங்கே அவளைப் பிடித்துவிட்டது, பிடித்து என்ன செய்தது தெரியுமா என்பதுதான் ஹொகுசாயின் நக்கல். ஒரு புனிதக் கதையைக் கவிழ்த்துப் போட்டுச் சிரிக்கிற வேலை. அமாவும் ஆக்டோபஸும் என்ற விஷயத்தை அவர் கண்டுபிடிக்கவும் இல்லை, அவருக்கு முன்பே வரைந்தவர்கள் உண்டு.

இதே படத்தைப் பாரிஸில் எட்மோன் த கோன்கூர் பார்த்தார். 1896இல் ஹொகுசாய் பற்றி அவர் எழுதிய புத்தகத்தில் அந்தப் பெண்ணின் உடலில் பிணத்தின் சாயலைக் காண்கிறார். உயிரோடு இருக்கிறாளா, மூழ்கிச் செத்துப்போனவளா என்று தெரியவில்லையாம். வசனம் அவர் கணக்கிலேயே வரவில்லை. அரட்டை அடித்துக்கொண்டிருக்கிற பெண் ஐரோப்பியக் கண்ணில் சவமாகிவிட்டாள். ஆக்டோபஸ் படம் என்றால் திகில், பலாத்காரம், மரணம் என்ற வாசிப்பு பிறந்த இடம் எடோ இல்லை, பாரிஸ். இன்று போனில் அந்தப் படத்தைக் காட்டுகிறவரும் கோன்கூரின் கண்ணாடியைத்தான் போட்டுக்கொண்டிருக்கிறார், பாவம், அவருக்கே தெரியாது.

எடோ மக்கள் இந்தப் படங்களைக் கூப்பிட்ட பெயர்களில் ஒன்று ‘வராய்-எ’. சிரிப்புப் படம். ஷுங்கா என்றால் வசந்தப் படம். வக்கிரம் என்ற பொருள் எங்கேயும் இல்லை. சுசுகி ஹருனொபு 1770 வாக்கில் ‘மனேமோன்’ என்று ஒரு தொடர் செய்தார். இருபத்து நான்கு படம். ஒரு மாய மருந்தால் பயறளவுக்குச் சுருங்கிப்போன ஒரு ஆள் ஊர் ஊராகப் போய், காதல் கலையைக் கற்றுக்கொள்கிறேன் என்று ஒவ்வொரு ஜோடியின் பக்கத்திலும் ஒளிந்து நின்று வேடிக்கை பார்க்கிறான். பார்ப்பவனையே கேலிப்பொருளாக ஆக்கிப் படத்துக்குள் நிறுத்திவிட்டார் ஹருனொபு.

அந்தக் காலத்தில் இதற்குத் தடையே இல்லை என்று சொல்பவர்களும் உண்டு. அதுவும் கதைதான். 1722இல் ஷோகுன் அரசு சிற்றின்பப் புத்தகங்களைத் தடை செய்து ஆணை போட்டது. ஆனால் ஆணையைப் போட்டுவிட்டுப் பெரிதாகத் துரத்தவில்லை. ஓவியர்கள் பெயரை மறைத்தார்கள் அல்லது புனைபெயர் வைத்தார்கள், வாடகைப் புத்தகக்காரர்கள் மூட்டையில் சுமந்து வீடு வீடாகக் கொடுத்தார்கள். சட்டத்துக்கு வெளியே இருந்ததாலேயே, மற்ற அச்சுப் படங்களுக்கு இருந்த ஆடம்பரக் கட்டுப்பாடுகள் இதைத் தொடவில்லை. உயர்ந்த காகிதம், விலை கூடிய நிறம் எல்லாம் கள்ளப் புத்தகத்துக்குப் போயின. அரசுக்கு உண்மையில் எது சுட்டது என்பதற்கு உதமாரோவே சாட்சி. 1788இல் ‘உதமகுரா’ என்ற, ஷுங்காவின் சிகரம் என்று சொல்லத்தக்க தொகுப்பைச் செய்தவர் அவர். அதற்காக அவரை யாரும் பிடிக்கவில்லை. 1804இல் ஐம்பது நாள் கைவிலங்கு மாட்டினார்கள். குற்றம், தொகுகவாக்களுக்கு முன் நாட்டை ஆண்ட ஹிதேயோஷியையும் அவர் மனைவிமாரையும் படம் போட்டது. படுக்கையறையை விட்டுவிட்ட அரசு, அரசியல் சரித்திரத்தைத் தொட்டதும் கையைக் கட்டிவிட்டது. இரண்டு வருஷத்தில் மனிதர் செத்தும் போனார்.

நான் எடோவைச் சொர்க்கமாக்கப் போவதில்லை. அந்த வியாபாரத்தைச் செய்யத்தான் நிறைய பேர் இருக்கிறார்களே. ‘உதமகுரா’வின் முதல் படத்திலேயே கடலுக்கடியில் நீர்ப்பிசாசுகளான ‘கப்பா’க்கள் ஒரு அமாவைப் பலவந்தம் செய்கின்றன, பாறைமேல் இன்னொருத்தி பார்த்துக்கொண்டிருக்கிறாள். சிரிப்புப் படங்களுக்கு நடுவே இதுவும் இருந்தது. படத்துக்கு வெளியே நிலைமை இன்னும் மோசம். எடோவின் யோஷிவாரா தாசிப்பேட்டையில் ஏழை வீட்டுச் சிறுமிகள் கடனுக்கு விற்கப்பட்டு வந்து சேர்ந்தார்கள். செத்தால் பாயில் சுருட்டிக் கொண்டுபோய் மினோவாவில் ஜோகன்ஜி கோயிலில் போட்டுவிடுவார்கள். அதற்கு ‘வீசிவிடும் கோயில்’ என்றே பெயர். சுமார் 25,000 பேர் அங்கே அடங்கியிருப்பதாகக் கணக்கு. ‘பாவம் என்ற எண்ணமே இல்லாத சுதந்திர எடோ’ என்று காபி டேபிள் புத்தகங்களில் படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்தக் கோயில்தான் நினைவுக்கு வருகிறது. ஷுங்காவைப் புரிந்துகொள்ள அதைப் புனிதப்படுத்த வேண்டியதில்லை. அது ஒரு குறிப்பிட்ட சமூகத்தின், குறிப்பிட்ட அச்சுத் தொழிலின் பொருள். அந்தச் சமூகம் முடிந்ததும் அதுவும் முடிந்தது.

எப்படி முடிந்தது என்பதில்தான் சூட்சுமம் இருக்கிறது. 1868இல் மெய்ஜி ஆட்சி வந்தது. மேற்கத்திய வல்லரசுகளோடு சமமில்லாத ஒப்பந்தங்கள் கழுத்தில் கிடந்தன. நாங்களும் நாகரிகமானவர்கள் என்று காட்டினால்தான் அவற்றைத் திருத்த முடியும். 1872இல் டோக்கியோவில் சில்லறைக் குற்றங்களுக்கு ஒரு சட்டம் போட்டார்கள். தெருவில் வெற்றுடம்போடு நடக்கக்கூடாது, பொதுக் குளியலறையில் ஆணும் பெண்ணும் சேர்ந்து குளிக்கக்கூடாது, பச்சை குத்தக்கூடாது. அதே பட்டியலில், ஷுங்கா விற்கக்கூடாது. வெள்ளைக்காரன் பார்த்தால் என்ன நினைப்பான் என்பதுதான் அந்தப் பட்டியலின் அடிநாதம்.

இதில் நடந்த கூத்தைப் பாருங்கள். அதே வெள்ளைக்காரனிடம் ஓவியம் கற்கப் பாரிஸ் போன குரோதா செய்கி, அங்கே உயர்கலை என்று மதிக்கப்பட்ட நிர்வாண ஓவியத்தைக் கற்றுக்கொண்டு வந்தார். கண்ணாடி முன் நிற்கும் ஆடையற்ற பெண்ணின் படம் 1895இல் கியோட்டோ தொழிற்கண்காட்சியில் வைக்கப்பட்டதும் பத்திரிகைகள் கொதித்தன. 1901இல் இன்னொரு நிர்வாணப் படத்தின் கீழ்ப்பாதியைப் போலீஸ் துணி போட்டு மூடியே விட்டது. ‘இடுப்புத்துணி விவகாரம்’ என்று கலை வரலாற்றில் அதற்குப் பெயர். ஷுங்கா காட்டுமிராண்டித்தனம் என்று ஒழித்தாயிற்று, ஐரோப்பிய நிர்வாணம் நாகரிகம் என்று இறக்குமதி செய்தாயிற்று, அதற்கும் துணி கட்டியாயிற்று. 1907இல் வந்த தண்டனைச் சட்டத்தின் 175ஆம் பிரிவு இதையெல்லாம் ஒரே சொல்லில் அடக்கியது: ஆபாசப் பொருளை விற்றால், பரப்பினால் தண்டனை. எது ஆபாசம் என்று சொல்லவில்லை. அந்தப் பிரிவு இன்றைக்கும் உயிரோடு இருக்கிறது.

‘ஹென்டாய்’ என்ற சொல்லின் ஜாதகத்தையும் பார்த்துவிடலாம். எடோ சிற்றின்ப நூல்கள் இந்தக் கடையையே அந்தப் பெயரில் நடத்தவில்லை. அந்தச் சொல்லுக்கு இன்றுள்ள பாலியல் வாடை ஜெர்மன் மொழி உளநோய் மருத்துவத்திலிருந்து வந்தது. கிராஃப்ட்-எபிங்கின் பாலியல் நோய்க்கூற்று நூல் 1913இல் ஜப்பானிய மொழியில் வந்தபோது அதன் தலைப்பில் ‘ஹென்டாய்’ ஏறியது. இயல்பு திரிந்தது என்று பொருள். 1920களில் பத்திரிகைகள் அதைப் பிடித்துக்கொண்டு விளையாடின. வேடிக்கை என்னவென்றால், ஜப்பானியர்கள் இந்த வகைப் படங்களைப் பொதுவாக எரோ அனிமே என்றோ, பதினெட்டு வயதுக்கு மேல் என்றோதான் சொல்கிறார்கள். ஹென்டாய் என்று ஒரு ‘வகைமை’ வெளிநாட்டு ரசிகர்கள் வைத்த பெயர். வியன்னா மருத்துவரின் நோய்ப்பெயரை அமெரிக்க ரசிகன் வாங்கி அனிமேவுக்குச் சூட்டியதை எடுத்துக்கொண்டு, ஜப்பானிய ரத்தத்தைப் பற்றி நாம் தீர்ப்பு எழுதுகிறோம்!

போருக்குப் பிறகு வந்த 1947 அரசியலமைப்பு தணிக்கை கூடாது என்றது. 175 அசையவில்லை. ‘லேடி சாட்டர்லி’யை மொழிபெயர்த்த இதோ செய்யும் பதிப்பாளரும் குற்றவாளிகள் என்று 1957இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. ஷுங்கா கலைஞர் குனிசதாவைப் பற்றி 1960இல் வந்த ஓர் ஆய்வு நூலே வழக்கில் மாட்டியது. வெளிநாட்டுப் பத்திரிகைகள் வந்து இறங்கினால் சுங்க அதிகாரிகள் உட்கார்ந்து கறுப்பு மை பூசினார்கள். (ஷுங்காவும் சுங்கமும் மோதுகிற சிலேடை தமிழுக்கு மட்டுமே வாய்த்தது.) இதன் விளைவு என்னவென்று யோசியுங்கள். 1990களின் தொடக்கம் வரை ஜப்பானில் ஒரு சாதாரண வாசகன் கடையில் மறைப்பு இல்லாத ஷுங்கா புத்தகம் வாங்க முடியாது. அனிமேவையும் பாலியல் மாங்காவையும் உருவாக்கிய தலைமுறை வளர்ந்ததே இந்தக் காலத்தில்தான். பாட்டன் சொத்து பேரனுக்கு வந்தது என்கிறீர்களே, அந்தச் சொத்து அப்போது பூட்டின அலமாரியில் அல்லவா கிடந்தது!

சரி, அவர்கள் எதைப் பார்த்து வளர்ந்தார்கள்? தெசுகா ஒசாமு டிஸ்னியைப் பார்த்து வளர்ந்தார். அந்தப் பெரிய கண்ணும் உருண்டைக் கோடும் டிஸ்னியும் ஃபிளைஷர் சகோதரர்களின் பெட்டி பூப்பும் கொடுத்தவை. 1945இல் கடற்படைப் பணத்தில் செய்யப்பட்ட ‘மொமோதாரோ, கடலின் தெய்வ வீரர்கள்’ படத்தை ஒசாகாவில் பார்த்து உருகினார். அவர் உருவாக்கிய முஷி நிறுவனம்தான் பெரியவர்களுக்கென்று சிற்றின்ப அனிமே எடுத்த முன்னோடி. 1969இல் ‘ஆயிரத்தொரு இரவுகள்’, 1970இல் ‘கிளியோபாட்ரா’. பெயர்களைக் கவனியுங்கள். அரேபியா, எகிப்து. மூன்றாவதாக 1973இல் யமமோதோ எய்இச்சி இயக்கிய ‘சோகத்தின் பெல்லடோனா’. மூன்றிலும் அதுதான் எனக்கு மிகப் பிடித்தது. நீர்வண்ணம் கசிந்து ஓடுகிற மாதிரி ஒரு படம். அதன் மூலம் மிஷ்லே என்ற பிரெஞ்சு வரலாற்றாசிரியர் சூனியக்காரிகளைப் பற்றி எழுதிய நூல். அதன் ஓவியப் பாணியில் கிளிம்ட் இருக்கிறார், ஷீலே இருக்கிறார், பியர்ட்ஸ்லி இருக்கிறார். எடோ எங்கே?

எடோ இருக்கிறது, ஆனால் சுற்றுவழியில். இங்கிலாந்தின் ஆப்ரி பியர்ட்ஸ்லிக்கு நண்பர் ரோதன்ஸ்டைன் உதமாரோவின் ஷுங்கா புத்தகம் ஒன்றைப் பரிசளித்தார். பியர்ட்ஸ்லி பக்கங்களைச் சட்டம் போட்டுச் சுவரில் மாட்டினார். 1896இல் ‘லைசிஸ்ட்ராடா’வுக்கு அவர் போட்ட படங்களில், தடி மாதிரி நிற்கும் உறுப்புகளில், அந்தச் சுவர் அப்படியே தெரிகிறது. ஆக, டோக்கியோவில் தடை செய்யப்பட்டது லண்டன் போய், அங்கே வேறு ஒன்றாக மாறி, எழுபது எண்பது வருஷம் கழித்து முஷி ஸ்டுடியோவுக்கு ஐரோப்பியக் கலையாகத் திரும்பி வருகிறது. இதைப் பாரம்பரியம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. படம் ஓடவில்லை என்பதும் நிறுவனம் அதே வருஷம் திவாலானது என்பதும் தனிச் சோகம்.

பிறகு வந்தவர்கள் அந்தப் பாதையிலும் போகவில்லை. 1975இல் தொடங்கிய கொமிகெட் என்ற ரசிகர் சந்தையில் 1979இல் அசுமா ஹிதேயோவும் நண்பர்களும் ‘சிபெல்’ என்ற கையிதழைக் கொண்டுவந்தார்கள். அதுவரை பாலியல் மாங்கா என்றால் கரடுமுரடான கெகிகா பாணி. அசுமா தெசுகாவின் உருண்டைக் கோட்டை, குழந்தைக் கதைகளின் கோட்டை, அங்கே கொண்டுபோய் வைத்தார். இன்றைக்கு உலகமே ‘ஜப்பானிய பாணி’ என்று அடையாளம் காணும் அந்தப் பெரிய கண் சிற்றின்பம் பிறந்தது அந்தக் கலப்பில். 1984இல் வீடியோ கேசட்டுக்கென்றே ‘கிரீம் லெமன்’ மாதிரித் தொடர்கள் வந்தன. தொலைக்காட்சியும் வேண்டாம், தியேட்டரும் வேண்டாம், வாடகைக் கடை போதும். இந்தக் கதையில் விசிஆருக்கு இருக்கும் பங்கு ஹருனொபுவுக்கு இல்லை.

இப்போது ஆக்டோபஸுக்கு வருவோம். 1986இல் மயேதா தோஷியோ ‘உரோட்சுகிதோஜி’ மாங்காவைத் தொடங்கினார். மறுவருஷம் அது அனிமே ஆனது. வெளிநாடுகளில் ‘டென்டக்கிள்’ என்ற சொல் பரவியது இந்தப் படத்தால்தான். ஏன் அப்படி வரைந்தீர்கள் என்ற கேள்விக்கு மயேதா பல பேட்டிகளில் பதில் சொல்லியிருக்கிறார். உறவை நேராக வரைந்தால் சட்டம் பாயும். ஒரு விநோதப் பிராணியைக் கொண்டுவந்தால், அதன் கை வெறும் கை. அதை ஆணுறுப்பு என்று எந்த அதிகாரியும் சொல்ல முடியாது. அவ்வளவுதான். சட்டத்தில் இருந்த சந்துக்குள் நுழைய ஏற்ற வடிவம் நெளிகிற கை. ஹொகுசாயின் ஆக்டோபஸ் கடவுள் கதையைக் கேலி செய்யப் பிறந்தது, மயேதாவின் பிராணி 175ஐ ஏமாற்றப் பிறந்தது. இரண்டுக்கும் கை நிறைய இருக்கிறது என்பதால் உறவுமுறை சொல்லிவிட முடியுமா? மயேதா ஹொகுசாயைப் பார்த்திருக்கலாம், பார்க்காமலும் இருந்திருக்கலாம். ஷுங்கா வரைகிற சுதந்திரம் அவருக்கு இருந்திருந்தால் அந்தப் பிராணிக்கே வேலை இருந்திருக்காது.

இதை நான் சொல்வதைவிட, இரண்டு படங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் தெரியும். ஷுங்காவில் ஆளின் உடம்பு பெரும்பாலும் துணியால் மூடியிருக்கும். கிமோனோவின் பூவேலை, உள்ளாடையின் சிவப்பு, கசங்கிய மடிப்பு எல்லாவற்றையும் ஓவியன் காதலோடு வரைந்திருப்பான். துணி விலகிய ஓரிடத்தில் உறுப்புகள் மட்டும் முகத்தளவுக்குப் பெரிதாக, நரம்பு நரம்பாக, மயிர் மயிராக. முகமோ சலனமில்லாமல் இருக்கும். மிஞ்சிப்போனால் கால் விரல் மடங்கியிருக்கும், பல் துணியைக் கடித்திருக்கும். மார்பில் அவனுக்குப் பெரிய ஆர்வமில்லை. பெண்ணின் பின்கழுத்துதான் அவனுக்கு விசேஷம். இப்போது அனிமேவைப் பாருங்கள். உடம்பு முழுக்கத் திறந்திருக்கும். மார்பு கழுத்தை முட்டும். முகம் அழுது, வியர்த்து, கண் செருகி ஊரைக் கூட்டும். உறுப்பு இருக்க வேண்டிய இடத்தில் மட்டும் கட்டம் கட்டமாக மொசைக். எடோ ஓவியன் எதை மூடினானோ அது திறந்திருக்கிறது, எதைத் திறந்தானோ அது மூடியிருக்கிறது. ஒரே மரபின் இரண்டு முனைகள் இப்படிச் சட்டையைத் திருப்பிப் போட்ட மாதிரி இருக்குமா? உறுப்பைக் காட்டக்கூடாது என்ற சட்டம்தான் இன்பத்தின் கணக்கு முழுவதையும் முகத்துக்கும் மார்புக்கும் மாற்றி எழுத வைத்தது என்று நான் நினைக்கிறேன்.

பிறகு ஏன் எல்லோரும் இந்த நேர்கோட்டை விரும்புகிறார்கள்? விலை போகிறது, அதனால்தான். தகஹதா இசாவ் மீது எனக்குப் பெரிய மரியாதை உண்டு. ‘மின்மினிகளின் கல்லறை’ எடுத்த கை. ஆனால் அவரே 1999இல் அனிமேவின் வேரைப் பன்னிரண்டாம் நூற்றாண்டுச் சுருளோவியங்களில் தேடி ஒரு புத்தகம் போட்டார். இந்த மாதிரி வம்சாவளிகளை ஒட்சுகா எய்ஜி கடுமையாக மறுத்தார். அனிமேவின் கூடப்பிறந்தவர்கள் டிஸ்னியும் போர்க்காலப் பிரச்சாரமும்தான், அதை மறைக்கவே இந்தப் பழைய சுருள்கள் விரிக்கப்படுகின்றன என்பது அவர் வாதத்தின் சாரம். எனக்கு அதில் முழுச் சம்மதம். முரகாமி தகஷி 2000இல் ‘சூப்பர்ஃபிளாட்’ என்று ஒரு கொள்கையை வைத்து எடோ ஓவியத்தையும் அனிமேவையும் ஒரே தளத்தில் தட்டையாக ஒட்டினார். 1998இல் அவர் செய்த ஒரு சிலை, அனிமே முகத்தோடு ஓர் இளைஞன், அவன் விந்து ஹொகுசாயின் அலையை நினைவுபடுத்தும்படி சுழன்று எழும், 2008இல் நியூயார்க் ஏலத்தில் 1.5 கோடி டாலருக்கு மேல் போனது. ஹொகுசாய் வாசனை இல்லாமல் அந்த விலை வந்திருக்குமா என்று நீங்களே சொல்லுங்கள். கலைஞன் தனக்கு ஒரு முன்னோரைத் தேர்ந்தெடுத்துக்கொள்ளலாம், யாரும் தடுக்கவில்லை. அந்தத் தேர்வை எடுத்து வந்து வரலாறு என்று நம்மிடம் விற்கும்போதுதான் தகராறு.

விலையைவிட எனக்கு உறுத்துவது வேறு. குழந்தைச் சாயல் கொண்ட உருவங்களைச் சிற்றின்பமாக வரைவது சரியா என்ற கேள்வி ஜப்பானிலேயே பல வருஷமாக எழுப்பப்படுகிறது. 2014இல் குழந்தைகளை வைத்து எடுத்த ஆபாசப் படங்களை வைத்திருப்பதையே குற்றமாக்கிச் சட்டத்தைத் திருத்தினார்கள். மாங்காவையும் அனிமேவையும் அதில் சேர்க்கவில்லை. சேர்க்கக் கூடாது என்பவர்களிடம் பேசத்தக்க வாதம் இருக்கிறது: கோட்டில் பாதிக்கப்பட்ட குழந்தை இல்லை, போலீஸுக்கு இந்தக் கதவைத் திறந்தால் அது எங்கே போய் நிற்கும் என்று தெரியாது. அதற்கு எதிரான வாதமும் இருக்கிறது, எனக்கு அந்தப் பக்கம்தான் சாய்வு. ஆனால் இந்த இடத்தில் ஒருவர் வந்து “இது எங்க கலாச்சாரம், ஷுங்கா பாத்ததில்லையா” என்று சொன்னால் பேச்சு அங்கேயே செத்துவிடுகிறது. ஷுங்காவின் பெரும்பகுதி வளர்ந்த ஜோடிகளின் படம், கணவன் மனைவிகளும் அதில் ஏராளம். 1979இல் ஒரு ரசிகர் சந்தையில் தொடங்கிய ஒன்றுக்கு எடோ தாத்தாவைக் கூட்டிவந்து ஜாமீன் கையெழுத்து போட வைக்கிறார்கள். முகம் சுளிக்கிற கூட்டமும் இதே உதவியைத்தான் செய்கிறது. அவர்கள் இனமே இப்படி என்று சொல்லிவிட்டால், யார் வரைந்தார், யார் காசு பார்த்தார், யார் எதிர்த்தார் என்று கேட்க வேண்டிய அவசியமே இல்லை. எதிர்த்துப் பேசுகிற ஜப்பானியப் பெண்கள் இந்த இரண்டு கூட்டத்தின் கணக்கிலும் காணாமல் போகிறார்கள்.

பாரம்பரியம் என்று சொல்லப்படுவதை அதன் சொந்த நாடு எப்படி நடத்துகிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன். 2013இல் லண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகம் ஷுங்காவுக்குப் பெரிய கண்காட்சி வைத்தது. அதை ஜப்பானில் நடத்தப் பல அருங்காட்சியகங்களைக் கேட்டார்கள். ஒவ்வொன்றும் கையை விரித்தது. கடைசியில் முன்னாள் பிரதமர் ஹொசோகவா மொரிஹிரோவின் குடும்பத்து அருங்காட்சியகமான ஏய்செய் புங்கோ இடம் கொடுத்தது. சிறிய கட்டடம். 2015 செப்டம்பரிலிருந்து டிசம்பர் வரை 2 லட்சம் பேருக்கு மேல் வந்தார்கள், பாதிக்கு மேல் பெண்கள். கண்காட்சி நடந்துகொண்டிருந்த அதே அக்டோபரில், ஷுங்கா படங்களை அச்சிட்டதற்காக ‘ஷூகன் புன்ஷுன்’ வார இதழ் தன் ஆசிரியரையே மூன்று மாதம் விடுப்பில் அனுப்பியது.

அதற்கு முந்தைய வருஷம், 2014 ஜூலையில், ரொகுதெனாஷிகோ என்ற பெயரில் இயங்கும் இகராஷி மெகுமியைக் கைது செய்திருந்தார்கள். மாங்கா வரைகிறவர், சிற்பமும் செய்கிறவர். பெண்ணுறுப்பு என்ற சொல்லையே சொல்லக்கூடாது என்ற கூச்சத்தைக் கேலி செய்வது அவர் கலை. தன் உறுப்பின் முப்பரிமாண அச்சுக்கான தரவை, தன் திட்டத்துக்குப் பணம் கொடுத்தவர்களுக்கு அனுப்பினார். குற்றப்பிரிவு 175. இந்த நூற்றாண்டில் எடோவின் சிரிப்புக்குக் கொஞ்சமாவது கிட்டே வந்த ஆள் யார் என்று என்னைக் கேட்டால், அவர் பெயரைத்தான் சொல்வேன். ஷுங்கா கண்காட்சி டோக்கியோவிலிருந்து கியோட்டோவின் ஹொசோமி அருங்காட்சியகத்துக்குப் போய் 2016 ஏப்ரலில் முடிந்தது. அடுத்த மாதம் டோக்கியோ நீதிமன்றம் இகராஷிக்கு 4 லட்சம் யென் அபராதம் விதித்தது. 2020இல் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது.